ஒன்றரைக் காட்சி

சுவரொட்டியில் நாலு காட்சி என்று போட்டிருந்தார்கள். பதுளை, லுணுகலை, பண்டாரவளை, பெரகல. நடந்தது ஒன்றரை. பதுளையில் முழுசாக ஒன்று, லுணுகலையில் பாதி. மற்ற இரண்டு ஊரிலும் ஒட்டிய தாள்களை மழைதான் கிழித்து இறக்கியது. ஏன் நின்றுபோனது என்று கேட்டால், நிகழ்ச்சியை உண்டாக்கிய சுரேன், மண்டபத்தில் ஏதோ சிக்கல் என்பார். மண்டபத்தில் ஒரு சிக்கலும் இல்லை. சுதர்ஷினி ஒரு பொய் சொன்னாள். அந்தப் பொய்யை எல்லோரும் மரியாதையாக நம்பினார்கள். அவ்வளவுதான்.

பாட்டெல்லாம் நல்லையாவுடையது. நல்லையா முப்பது வருஷம் தேயிலைக் கொழுந்து லொறி ஓட்டியவர். ஊவா மாகாணத்தில் அந்த லொறி ஏறாத மலை குறைவு, தோட்டத் தொழிலாளர் குடியிருக்கும் லயங்களில் அவரைக் கல்யாணத்துக்குக் கூப்பிடாததும் குறைவு. மற்றவர்கள் சுவர்க்கடிகாரமும் பாத்திரமும் கொண்டுபோவார்கள். இவர் ஒரு பாட்டு கொண்டுபோவார். பெண் எப்படிப்பட்டவள், மாப்பிள்ளைக்கு என்ன பழக்கம் என்று ஒரு மாதம் முன்பே நாலு பேரிடம் விசாரித்து, ஸ்டியரிங்கைப் பிடித்தபடியே வரிகளைக் கட்டி, மெட்டும் போட்டுவிடுவார். பெண்ணும் மாப்பிள்ளையும் லயத்துப் படியேறுகிற நேரத்தில் புல்புல்தாராவை மடியில் வைத்துக்கொண்டு, அதன் பொத்தான்களை டைப் அடிப்பதுபோலத் தட்டிப் பாடுவார். ஒரே ஒரு தரம்தான். அதன்பிறகு அந்தப் பாட்டு அந்த இரண்டு பேருடையது. எவ்வளவு கெஞ்சினாலும் வேறு வீட்டில் பாடமாட்டார்.

"குடுத்த சேலைய உருவிக்கிட்டுப் போயி இன்னொருத்திக்குக் கட்டுவாங்களா?" என்பார்.

இப்போது லொறியை விட்டு, பூனாகலையில் மகள் வீட்டில் இருக்கிறார். பாட்டெல்லாம் கெட்டி அட்டை போட்ட மூன்று சீ.ஆர். கொப்பிகளில் எழுதிக் கிடந்தன. அந்தக் கொப்பிகள்தான் சுரேனின் கண்ணில் பட்டன. சுரேன் பதுளைக்காரர், தகப்பனுக்கு பஜாரில் இரும்புக்கடை. பிள்ளை இரும்பைத் தொடாமல் பல்கலைக்கழகம் போய் நாடகம் படித்துவிட்டு வந்து, பள்ளிக்கூடத்தில் அதையே சொல்லிக்கொடுக்கிறார். கொப்பிகளைப் புரட்டியவருக்கு அன்றே தலைக்கேறிவிட்டது. பதினைந்து பாட்டு, கொஞ்சம் ஆட்டம், இடையில் அந்தந்தத் தம்பதி பின்னாளில் என்ன ஆனார்கள் என்று ஒரு பேச்சு. நல்லையாவே மேடையில் உட்கார்ந்து பாடுவார். இதுதான் திட்டம்.

நல்லையா மறுக்கவில்லை. ஒரு நிபந்தனை வைத்தார்.

"பாட்டு என்னுது இல்ல தம்பி. யாருக்குக் குடுத்தேனோ அவங்களுது. அவங்ககிட்ட போயிக் கேளுங்க. புருசன் பொஞ்சாதி ரெண்டு பேரும் சம்மதிக்கணும். ஒருத்தர் செத்துப் போயிருந்தா இருக்கிறவங்க சம்மதம் போதும்."

சுரேன் நாலு மாதம் மோட்டார் சைக்கிளில் தோட்டம் தோட்டமாக அலைந்தார். உடனே தலையாட்டியவர்கள் உண்டு. யோசித்துச் சொல்கிறோம் என்று தேத்தண்ணி கொடுத்து அனுப்பியவர்கள் உண்டு. ஓரிடத்தில், இரண்டு வருஷமாகப் பேசிக்கொள்ளாத ஒரு புருஷனும் மனைவியும் இவருக்குப் பதில் சொல்வதற்காக ஒருவரோடொருவர் பேசவேண்டி வந்தது. பேசி, வேண்டாம் என்று ஒருமனதாக முடிவெடுத்தார்கள். அதற்குப் பிறகும் பேசிக்கொள்கிறார்களாம். நிகழ்ச்சியால் உருப்படியாக நடந்தது அது ஒன்று.

கொப்பியிலேயே ஆகச் சிறந்த பாட்டு என்று சுரேன் நினைத்தது சுதர்ஷினியினுடையதை. அவள் பதுளையில் வீரசிங்கம் முதலாளியின் சேலைக்கடையில் நிற்கிறாள் என்று கேள்விப்பட்டு, ஒரு சனிக்கிழமை பத்து மணிக்கு வந்தார். முதலாளி எதிர்க்கடையில் பேச்சில் இருந்தார். சுதர்ஷினி ஒரு பெண்ணுக்கு ரவிக்கைத் துணி அளந்துகொண்டிருந்தாள்.

"அக்கா, பச்சக் குடைக்காரி நீங்கதானே?" என்றார் சுரேன்.

பன்னிரண்டு வருஷமாக யாரும் அவளை அப்படிக் கூப்பிட்டதில்லை. கத்தரிக்கோல் துணியில் கோணலாக இழுத்துவிட்டது.

*பச்சைக் கொடைக்காரி, பத்தாம் நம்பர் மலைக்காரி,*
*கிலோவ வெட்டினா தராசோட மல்லுக்கட்டும் சண்டைக்காரி.*

அப்படித்தான் அந்தப் பாட்டு தொடங்கும். உண்மையிலேயே அவளிடம் ஒரு பச்சைக் குடை இருந்தது. மலைக்கு வேலைக்குப் போகிறவள் குடை பிடித்துக்கொண்டு போகிறாளே என்று லயமே சிரித்தது. கொழுந்து நிறுக்கும்போது தண்ணிக்கழிவு என்று இரண்டு கிலோவை வெட்டினால், தராசின் முன்னாலேயே நின்று நியாயம் கேட்பவளும் அவள்தான். பத்தொன்பது வயது. நல்லையா எப்படியோ இதையெல்லாம் விசாரித்துப் பாட்டில் வைத்துவிட்டார். எட்டு வரிப் பாட்டில் ஆறு வரி அவள்தான். மாப்பிள்ளைக்கு இரண்டு வரி.

அந்த மாப்பிள்ளை திலீபன். கல்யாணமாகி நாலாம் வருஷம் கட்டாருக்கு வேலைக்குப் போனான். ஐந்து வருஷம் ஒழுங்காகப் போன் வந்தது. பிறகு நின்றது. நம்பரும் மாறிவிட்டது. போன வருஷம் லீவில் வந்த அவனுடைய கூட்டாளி ஹாஷிம் கடைக்கு வந்து, பெண்சாதிக்கு இரண்டு சேலை எடுத்துவிட்டு, தயங்கித் தயங்கிச் சொன்னான். திலீபன் அங்கே வேறு குடும்பமாக இருக்கிறான், ஒரு குழந்தையும் இருக்கிறது. புது நம்பரையும் கொடுத்துவிட்டுப் போனான். சுதர்ஷினி அதைப் பெயர் போடாமல் போனில் வைத்திருந்தாள். ஒருநாளும் அழுத்தியதில்லை. அவளே கூப்பிட்டு அவனிடம் என்ன கேட்பது? அந்த அளவுக்கு இறங்கிப்போக அவளால் முடியாது.

லயத்தில் இது யாருக்கும் தெரியாது. லுணுகலைக்கு மேலே இருக்கிற அந்தத் தோட்டத்தில் திலீபனின் தாய் பாக்கியலெட்சுமி தனியாக இருந்தாள். மாதக் கடைசி ஞாயிறு சுதர்ஷினி பிஸ்கட்டும் மருந்தும் வாங்கிக்கொண்டு மாமியாரைப் பார்க்கப் போவாள். "போன வாரம் பேசினாரு அத்த. ஒங்க முழங்கால் வலிய கேட்டாரு" என்பாள். "லயத்துல டவர் கெடைக்கல, அதான் எனக்கு எடுக்குறாரு" என்பாள். மாமியார் பதில் சொல்லி அனுப்புவாள். அடுத்த மாதம் அதற்கு மறுபதில் வரும். ஆடு குட்டி போட்டதுகூட அவனுக்குத் தெரியும். சுதர்ஷினி உண்டாக்கிய திலீபன் நிஜத் திலீபனைவிட அக்கறையானவன். பொய் என்று பார்த்தால் பொய்தான். ஆனால் அந்தக் கிழவி அதைத் தின்றுதான் உயிரோடிருந்தாள்.

கடையில் சுரேன் விஷயத்தைச் சொல்லி முடித்தார். கடைசியில், "உங்க கணவரோட சம்மதமும் வேணும் அக்கா. நம்பர் தந்தா நானே பேசுறேன்" என்றார்.

சுதர்ஷினிக்கு அந்தப் பாட்டு வேண்டும். அதில் எந்தச் சந்தேகமும் இல்லை. அவளுடைய கல்யாணத்தில் மிச்சமிருந்த ஒரே நல்ல சாமான் அது. பத்தொன்பது வயதுச் சண்டைக்காரியை ஒரு தரம், ஒரே ஒரு தரம், மைக்கில் உரக்கக் கேட்கவேண்டும். அதற்கு அவனிடம் போய்ச் சம்மதம் வாங்கவேண்டுமாம்.

"அவரு செத்துப் போயிட்டாரு சேர்," என்றாள். "மூணு வருசம் ஆச்சு. கட்டார்லயே."

"ஐயோ. மன்னிச்சிருங்க அக்கா. உடல்…?"

"அங்கயே அடக்கிட்டாங்க."

சுரேன் தலையைக் குனிந்து குறிப்புப் புத்தகத்தில் எழுதினார். அவளுடைய கழுத்தில் கிடந்த தாலியையும் நெற்றிப் பொட்டையும் பார்க்கவில்லை. படித்த மனிதர், அதையெல்லாம் பார்க்கிறவன் பழைய ஆள் என்று நினைப்பவர். "இது பதுளையில மட்டும்தானே சேர்?" என்று அவள் கேட்டாள். "இப்போதைக்கு ஒரு காட்சிதான் அக்கா," என்றார். அவள் கோணலாக வெட்டிய துணியை மடித்து வைத்துவிட்டு, வேறு துணி எடுத்தாள்.

சேதி நல்லையாவுக்குப் போயிற்று. அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். பையன் செத்ததற்காக மட்டுமல்ல. மூன்று வருஷமாகிறது, தனக்கு இழவு சொல்லி விடவில்லையே என்ற கோபம். அந்தக் கல்யாணத்துக்குப் பாட்டுக் கொடுத்தவர் அவர். சாவுக்குச் சொல்லி அனுப்பவேண்டாமா? தோட்டத்தில் இழவு சொல்லாத வீட்டில் யாரும் வலியப் போய் விசாரிப்பதில்லை. அதனால் பாக்கியலெட்சுமியிடம் அவர் ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்டிருந்தால் இந்தக் கதை அங்கேயே முடிந்திருக்கும்.

பதுளைக் காட்சி பிரமாதம். மண்டபம் நிறைந்திருந்தது. சுதர்ஷினி கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தாள். மேனுஷா என்ற பெண், பேச்சுப்போட்டியில் பரிசெடுத்தவள், மைக்கைப் பிடித்து ஒவ்வொரு பாட்டுக்கும் முன்னால் கதை சொன்னாள். பச்சைக் குடைக்காரியின் முறை வந்தபோது குரலைத் தாழ்த்தினாள். கடல் கடந்து போன கணவன், கடைசியாகப் பெண்சாதியின் பெயரைச் சொன்னானாம், பாலைவனத்து மணலில் உறங்குகிறானாம். இதெல்லாம் சுரேன் சேர்த்தது. பஜார் முதலாளிமார் வீட்டுப் பெண்கள் மூக்கை உறிஞ்சினார்கள். சுதர்ஷினியும் அழுதாள். அந்தச் செத்துப்போன திலீபன் அவ்வளவு நல்லவனாக இருந்தான்.

பிறகு நல்லையா பொத்தான்களைத் தட்டிப் பாட ஆரம்பித்தார். "மல்லுக்கட்டும் சண்டைக்காரி" என்ற இடத்தில் மண்டபம் கைதட்டியது. அவளுக்குச் சந்தோஷமாக இருந்தது. வெட்கமில்லாத, முழுச் சந்தோஷம். வீட்டுக்கு நடந்துபோகும் வழியெல்லாம் அந்த வரியை வாய்க்குள்ளேயே பாடிக்கொண்டு போனாள்.

அது ஒரு வாரம் நீடித்தது. அடுத்த வாரம் முதலாளி கடைக் கண்ணாடியில் ஒரு சுவரொட்டியை ஒட்டச் சொன்னார். நாலு ஊர், நாலு திகதி; பதுளைக்கு நேரே மட்டும் 'வெற்றிகரமாக முடிந்தது' என்று ஒரு வரி. பதுளையில் கிடைத்த கைதட்டல் சுரேனைச் சும்மா விடவில்லை. லுணுகலை, ஞாயிறு பிற்பகல் இரண்டு மணி. சுதர்ஷினி பசையைத் தடவியபடியே அதைப் படித்தாள். லுணுகலை என்றால் தோட்டமே வரும். மாமியார் வருவாள். பாட்டுக்காரர்களின் குடும்பத்துக்கு முன்வரிசை என்று சுரேன் வேறு ஏற்பாடு செய்திருந்தார்.

அவள் சுரேனுக்குப் போன் எடுத்தாள். உண்மையைச் சொல்லிவிடலாம் என்றுதான் எடுத்தாள். "ஹலோ அக்கா! நம்ம நிகழ்ச்சியோட உயிரே உங்க பாட்டுதான்," என்று அவர் ஆரம்பித்தார். அதற்குப் பிறகு உண்மை வாய்க்கு வரவில்லை, ஒன்றை மட்டும் கேட்டாள்.

"சேர், முன்னால பேசுறாங்கல்ல, அவரு செத்த கதை. அது வேணாம். பாட்ட மட்டும் பாடச் சொல்லுங்க. அத்த முன்னால இருப்பாங்க."

"விளங்குது அக்கா. ஒரு தாய் அதத் தாங்கமாட்டாங்க. நான் வெட்டிடுறேன்."

சுரேன் சொன்ன சொல் தவறாதவர். மேனுஷாவின் தாளில் பாலைவனம், மணல், கடைசி மூச்சு எல்லாவற்றையும் பேனாவால் அடித்துவிட்டார். பெயர் மட்டும் மிஞ்சியது. காலமானவரின் பெயரை மொட்டையாகச் சொன்னால் மரியாதையில்லையே என்று அவருக்குத் தோன்றியது. பெயருக்கு முன்னால் ஒரே ஒரு வார்த்தையை எழுதிச் சேர்த்தார்.

ஞாயிற்றுக்கிழமை இரண்டு வேன் பிடித்துத் தோட்டத்தார் வந்திறங்கினார்கள். பாக்கியலெட்சுமி, தீபாவளிக்கு மருமகள் எடுத்துக்கொடுத்த ஊதாச் சேலையைக் கட்டியிருந்தாள். முன்வரிசையில் சுதர்ஷினியின் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாள்.

"எம் மவன் பேரு பாட்டுல வருமாமே. அவனுக்குப் போன்ல புடிச்சு அனுப்பு தாயி," என்றாள்.

"ம்," என்றாள் சுதர்ஷினி.

ஏழு பாட்டு நன்றாகவே போயிற்று. ஒவ்வொரு பாட்டுக்கும் அந்தந்தத் தம்பதி எழுந்து கும்பிட்டார்கள், சனம் விசிலடித்தது. மேடையில் இருந்த நல்லையா, பாக்கியலெட்சுமியைப் பார்த்து விறைப்பாகத் தலையசைத்தார். அவளுக்கு அந்த விறைப்பு ஏன் என்று விளங்கவில்லை.

மேனுஷா மைக்குக்கு வந்தாள். "அடுத்து வருவது, சுதர்ஷினி, அமரர் திலீபன் தம்பதியரின் கல்யாணப் பாட்டு."

தோட்டத்துச் சனம் அந்த வார்த்தையை வேறெங்கும் கேட்பதில்லை. ஆட்டோவில் ஒலிபெருக்கி கட்டிக்கொண்டு சாவு அறிவித்துப் போவார்களே, அதில் கேட்கும். வானொலி மரண அறிவித்தலில் கேட்கும். மைக்கில் அந்த வார்த்தை வந்தால் அடுத்து வருவது செத்தவரின் பெயர் என்பது சின்னப் பிள்ளைக்கும் தெரியும். அவர்களைப் பொறுத்தவரை மேடை, மண்டபம், நிகழ்ச்சி எல்லாம் அந்த வினாடியோடு முடிந்தது. சாவுச் சேதி வந்திருக்கிறது.

பின்வரிசையிலிருந்து பக்கத்து வீட்டுச் சந்திரகாந்தி எழுந்துவிட்டாள். "ஐயோ, அமரர்ங்கிறாங்களே! நம்ம திலீபனயா சொல்றாங்க?"

பாக்கியலெட்சுமி மருமகளின் பக்கம் திரும்பிப் பார்த்தாள். சுதர்ஷினி வாயைத் திறந்தாள். வார்த்தை வரவில்லை. எண்ணி ஐந்து வினாடி இருக்கும். அந்த ஐந்து வினாடியே பதிலாகிவிட்டது.

மேடையில் பாட்டு தொடங்கியிருந்தது. சண்டைக்காரி வரை வந்திருப்பார் நல்லையா. கீழே ஒப்பாரி கேட்டதும் கை பொத்தான்மேல் நின்றது. பெற்ற தாய்க்கே இழவு சொல்லவில்லை என்று அப்போதுதான் அவருக்கு விளங்கியது. அப்படித்தான் அவர் விளங்கிக்கொண்டார். புல்புல்தாராவைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு மேடையிலிருந்து இறங்கி வந்தார். தோட்டத்தில் சாவுச் சேதி விழுந்த பிறகு பாட்டு கிடையாது. மேளக்காரர்களும் இறங்கினார்கள். காட்சி பார்க்க வந்த சனம் அதே வேன்களில் இழவுக் கூட்டமாகத் திரும்பிப்போனது.

சுரேன் வாசலில் நின்று வருகிறவர் போகிறவரிடமெல்லாம் மன்னிப்புக் கேட்டார். எதற்கென்று அவருக்கே தெரியாது. மறுநாளே எட்டுத் தம்பதிகள் போன் எடுத்துத் தங்கள் பாட்டைத் திருப்பிக் கேட்டார்கள். ஒருவர் வெளிப்படையாகவே சொன்னார்: "எங்க பேருக்கு முன்னால நீங்க என்னத்தப் போடுவீங்களோ, யாருங்க கண்டது?"

வேனில் சுதர்ஷினி சொல்லத்தான் செய்தாள். "அத்த, அவரு சாகல. உசுரோட இருக்காரு."

சந்திரகாந்தி அவளைக் கட்டிக்கொண்டாள். "இன்னும் எத்தன நாளைக்குத்தான் புள்ள மறைப்ப? போதும். மனசு விட்டு அழு."

நாலரை மணிக்குள் லயத்து வாசலில் படங்குப் பந்தல் கட்டியாகிவிட்டது. சனம் உட்காரக் கோயில் கதிரைகள் வந்தன. பாதை முனையில் வெள்ளைக்கொடி ஏறியது. உடல் இல்லாத சாவு என்பதால் திலீபனின் படத்தை ஸ்டூலில் வைத்து விளக்கேற்றினார்கள். மாதாமாதம் அவள் சொன்ன பொய்களெல்லாம் இப்போது அவளுக்கே எதிராகச் சாட்சி சொல்ல வந்தன. போன் வந்தது, முழங்காலைக் கேட்டார், ஆட்டுக்குட்டியைக் கேட்டார்: எல்லாம் கிழவியின் மனசு நோகக்கூடாதென்று சொன்னதாம். "மூணு வருசம் பொட்டு வெச்சிக்கிட்டு, சிரிச்சிக்கிட்டு, இந்த மனுசிக்காக நெஞ்சுல பூட்டி வெச்சிருக்காளே!" என்று பெண்கள் அழுதார்கள். இவளைப்போல ஒரு மருமகள் எந்தத் தோட்டத்தில் கிடைப்பாள் என்றார்கள். அவள் மறுக்க மறுக்கப் புகழ் ஏறியது. புத்தி கலங்கிவிட்டது, பாவம், என்று ஒருத்தி தலையில் தண்ணீர் தெளித்தாள்.

நாளைக்கு விடிந்ததும் சடங்கு என்று பேசிக்கொண்டார்கள். தாலியை இறக்கிவிடுவார்கள்.

சுதர்ஷினி சுவரோரமாக உட்கார்ந்து அதைக் கேட்டாள். சும்மா இருந்தால் போதும். நாளையோடு எல்லாம் தீர்ந்துவிடும். அவன் எப்போது வருவான் என்று இனி யாரும் கேட்கமாட்டார்கள். மாதாமாதம் ஒரு புருஷனை உண்டாக்கிக் கொண்டுவரத் தேவையில்லை. அவனை விட்டவள் என்றோ அவன் விட்டவள் என்றோ பெயர் வராது. உண்மையைச் சொல்வதானால், அவளுக்கு அது பிடித்திருந்தது.

பாக்கியலெட்சுமி அழவில்லை. படத்துக்கு முன்னால் ஊதாச் சேலையோடு உட்கார்ந்திருந்தவள் மெதுவாக நகர்ந்து மருமகளிடம் வந்தாள்.

"சாவுறப்ப என்னயக் கேட்டானா?"

கிழவி அவளருகில் தரையில் உட்கார்ந்தாள்.

"அம்மான்னு ஒரு வார்த்த சொன்னானா? யாராச்சும் பக்கத்துல இருந்தாங்களா? அத மட்டும் சொல்லு தாயி. வேற ஒண்ணும் கேக்கல."

இதற்கும் ஒரு பொய் அவளிடம் இருந்தது. சுரேன் எழுதிக் கொடுத்ததே இருந்தது. ஆனால் வாய் வரவில்லை. அவள் எழுந்து போனை எடுத்தாள். கிழவியின் கையைப் பிடித்துத் தூக்கினாள். "வாங்க அத்த. தண்ணித்தாங்கிக்கிட்ட போவோம்."

லயத்துக்கு மேலே இருக்கிற தண்ணித்தாங்கிப் பக்கம் மட்டும்தான் டவர் கிடைக்கும். இருவரும் ஏறிப்போவதைப் பார்த்து, பெண்பிள்ளை ஏதாவது செய்துகொள்ளப் போகிறாளோ என்று சாவு வீடே பின்னால் ஏறியது. நல்லையாவும் புல்புல்தாராவோடு மூச்சு வாங்க ஏறினார். சுதர்ஷினி தாங்கியின் சிமெந்துத் திட்டில் மாமியாரை உட்காரவைத்தாள். பெயர் இல்லாத அந்த நம்பரைத் தேடியெடுத்தாள். ஒரு வருஷமாக அழுத்தாத நம்பர். அத்தனை பேருக்கும் முன்னால் அழுத்தினாள். கிழவிக்குக் காது மந்தம் என்பதால் ஸ்பீக்கரைப் போட்டாள்.

நாலாவது மணியில் எடுத்தான்.

"யாரு?"

"நான்தான்."

"நான்தான்னா?"

"சுதர்ஷினி."

மறுபக்கம் ஒரு சின்னக் குழந்தை அழுதது. ஒரு பெண் குரல் வேறு ஏதோ பாஷையில் அதைச் சமாதானப்படுத்தியது. தண்ணித்தாங்கியைச் சுற்றி நின்ற அத்தனை பேருக்கும் கேட்டது. சந்திரகாந்தி வாயில் முந்தானையை வைத்துக்கொண்டாள். இத்தனை நாளாகச் சுதர்ஷினி மறைத்தது என்னவென்று, ஒருவருக்கும் சொல்லாமலேயே எல்லோருக்கும் தெரிந்துபோனது. அவள் தலையை நிமிர்த்தியே வைத்திருந்தாள்.

"நீங்க செத்துட்டீங்கன்னு இங்க கொடி கட்டியிருக்கு. ஒங்க அம்மா பக்கத்துல இருக்காங்க. பேசுங்க."

பாக்கியலெட்சுமி போனை இரண்டு கையாலும் வாங்கினாள்.

"தம்பீ…"

"அம்மா."

அப்போதுதான் கிழவி அழுதாள். உடம்பெல்லாம் குலுங்கியது. கொஞ்சம் அடங்கியதும், "சாப்புட்டியாப்பா?" என்றாள். சாப்பிட்டேன் என்றான். வேலை அம்மா, நேரமே இல்லை, அதுதான், என்றான். "அது யாரு புள்ள அழுவுது?" என்றாள். அதற்கு அவன் ஒன்றும் சொல்லவில்லை. அவளும் திரும்பக் கேட்கவில்லை. உள்ளங்கையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு சுற்றிலும் பார்த்தாள். கொடி கட்டியவர்கள், கதிரை தூக்கியவர்கள், எல்லோருக்கும் பின்னால் நல்லையா. அவரைக் கண்டதும், பாட்டுக்குச் சம்மதம் கேட்டுச் சுரேன் தோட்டம் தோட்டமாக அலைந்த பேச்சு அவளுக்கு நினைவுக்கு வந்ததுபோல இருந்தது.

"நல்லையாண்ணே வந்திருக்காரு. ஒங்க கல்யாணப் பாட்ட மேடையில பாடுறாங்க. அதுக்கு ஒஞ் சம்மதம் வேணுமாம். கேட்டுச் சொல்லணும். பாடட்டுமா?"

"எந்தப் பாட்டு?" என்றான் திலீபன்.

பாக்கியலெட்சுமி போனைக் கொஞ்சம் தள்ளிப் பிடித்து அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். உள்ளேயிருந்து அம்மா, அம்மா என்று இரண்டு தரம் கேட்டது. அவள் அதை மருமகளிடம் நீட்டினாள். சுதர்ஷினி வாங்கி அணைத்தாள்.

"எந்தப் பாட்டுன்னு கேக்குறான்ணே," என்றாள் கிழவி, நல்லையாவிடம்.

நல்லையா காலால் ஒரு கல்லைப் புரட்டினார். கொடுத்த பாட்டில் ஒரு எழுத்தையும் அவர் மாற்றியதில்லை. வைத்த நிபந்தனையையும் மாற்றியதில்லை. தாங்கித் திட்டில் உட்கார்ந்து புல்புல்தாராவை மடியில் எடுத்து வைத்தார்.

"அப்ப இருக்கிறவங்க சம்மதமே போதும்," என்றார். "என்னா புள்ள, பாடவா?"

"பாடுங்க மாமா," என்றாள் சுதர்ஷினி. "முழுசா பாடுங்க."

அவர் பாடினார். பச்சைக் குடை வந்தது, பத்தாம் நம்பர் மலை வந்தது, தராசு வந்தது. மைக் இல்லை, ஆனாலும் கீழ் லயம்வரை கேட்டிருக்கும். ஆறு வரி முடிந்து, *திலீபன் கையப் புடிச்சு லயத்துப் படி ஏறிப்புட்டா* என்ற வரி வந்தது. அந்தப் பெயர் காதில் விழுந்ததும் சந்திரகாந்தி மாரில் கைவைத்து ஒப்பாரிக் குரலில் அழ ஆரம்பித்தாள். மற்றப் பெண்களும் சேர்ந்துகொண்டார்கள். யாரும் அவர்களைத் தடுக்கவில்லை. பாக்கியலெட்சுமியும் தடுக்கவில்லை.